காக்கையைப் பார்ப்பதும் வேலைதான்

அவர் வந்து முதலில் செய்த காரியம், உட்கார இடம் தேடியதுதான். புங்கமரத்தடியில், தண்டவாளத்துக்கு அடியில் போடும் பழைய ஸ்லீப்பர் கட்டை ஒன்று கிடந்தது. அதன்மேல் கைக்குட்டையை விரித்து உட்கார்ந்தார். பையிலிருந்து கடிகாரத்தை எடுத்து மடியில் வைத்தார். ஒரு பலகையில் நீளமான காகிதத்தைச் செருகினார். காதில் இருந்த பென்சிலை எடுத்து நாக்கில் தொட்டுக்கொண்டார்.

"நீ பாட்டுக்கு உன் வேலையைச் செய்யப்பா. நான் இருக்கறதையே மறந்துடு," என்றார்.

பிள்ளைகளே, பதினோரு வருடமாக ஒரு மனிதன் வந்து நம் பக்கத்தில் உட்காரமாட்டானா என்று ஏங்கிக்கொண்டிருந்தவன் நான். வந்து உட்கார்ந்த ஒரே ஆளும் என்னை மறந்துவிடு என்றால் எப்படி மறப்பது?

முந்தைய வாரங்களில் இந்தப் பத்திரிகையில் கேட் குடிசைக்குள் தேள் வந்ததையும், எருமை தண்டவாளத்தில் படுத்துக்கொண்டதையும் சிரித்துக்கொண்டே எழுதினேன். இந்த வாரம் சிரிப்பு வரவில்லை. ஏன் என்று சொல்லிவிடுகிறேன்.

போன ஞாயிற்றுக்கிழமை என் மூத்த மகள் ரெஜினா பிள்ளைகளோடு வீட்டுக்கு வந்திருந்தாள். அவள் மகளுக்கு இந்த வருடம் புதுநன்மை. தெரியாத பிள்ளைகளுக்காகச் சொல்கிறேன்: ஏழெட்டு வயதில் ஒரு குழந்தை மாதா கோயிலில் முதல் தடவையாக நற்கருணை வாங்குகிற நாள் அது. வெள்ளை உடுப்பு, தலையில் பூமுடி, கையில் மெழுகுவர்த்தி. எங்கள் வீடுகளில் கல்யாணத்துக்கு அடுத்தபடி அதுதான் பெரிய நாள்.

சாப்பிடும்போது பேத்தி, "தாத்தா, நீயும் கோயிலுக்கு வருவியா?" என்று கேட்டாள்.

ரெஜினா முந்திக்கொண்டாள். "உங்க தாத்தாவா? என் புதுநன்மைக்கே வரலடி. எதுக்குத்தான் வந்தாரு மனுஷன்? கேட்டக் கட்டிக்கினு கெடந்தாரு."

விளையாட்டாகத்தான் சொன்னாள். ரசம் ஊற்றிக்கொண்டே சொன்னாள். நான்தான் பாதிச் சோற்றில் கை கழுவ எழுந்துவிட்டேன். கோபம் அவள்மேல் இல்லை. யார்மேல் என்பதைச் சொல்லத்தான் இந்த வாரம் உட்கார்ந்திருக்கிறேன்.

திற, திற, திற

காக்ஸ் டவுனைத் தாண்டி, ஜோலார்ப்பேட்டைப் பக்கம் போகும் பாதையை ஒரு மண் ரோடு குறுக்கே கடக்கும். தண்டவாளத்துக்கு இந்தப் பக்கம் ஒரு கதவு, அந்தப் பக்கம் ஒரு கதவு. நடுவில் ஓர் அறைக் குடிசை. நான்தான் அந்தக் கேட்டின் காவல்காரன்.

என் அப்பா தண்டவாளம் போடும் கூட்டத்தில் கல் உடைத்தவர். நான் மிஷன் பள்ளிக்கூடத்தில் நாலாம் வகுப்பு வரை படித்தேன். கையெழுத்துப் போடவும் மணி பார்க்கவும் தெரிந்ததால் கல் உடைக்கும் வேலை போய், கேட் வேலை கிடைத்தது. "உக்காந்த எடத்துல உத்தியோகம்டா," என்று அப்பா ஊரெல்லாம் சொல்லிப் பெருமைப்பட்டார். அவர் சொன்ன அந்த வார்த்தையே பிற்பாடு எனக்கு எதிராகத் திரும்பும் என்று அவருக்குத் தெரியாது.

ஒரு கேட்டுக்கு ஒரே ஆள். காலையும் அவன்தான், சாயங்காலமும் அவன்தான். காய்கறி வாங்கப் போகவேண்டுமென்றால், பாதையைச் சோதித்துக்கொண்டு வரும் ஆள் நம் பக்கம் வரும் நேரம் பார்த்து, அவனை அரைமணி நேரம் நிறுத்திவிட்டு ஓட வேண்டும். கோயில் கோபுரம் குடிசை வாசலிலிருந்து தெரியும். மணி அடிப்பது காதில் விழும். பதினோரு வருடத்தில் நான் முழுப் பூசை பார்த்தது கைவிரலில் எண்ணிவிடலாம்.

தனிமை என்றால் ஆளே இல்லாத இடம் என்று நினைக்காதீர்கள். என் கேட்டில் ஆளுக்குக் குறைவே கிடையாது. குதிரைப் பட்டாளத்துக்குப் புல் கொண்டுபோகும் வண்டிகள், செங்கல் வண்டிகள், வண்ணாரின் கழுதைகள், ஜோகுபாளையத்திலிருந்து பூக்கூடையோடு வரும் பெண்கள், ஜட்கா வண்டிகள். எல்லாரும் என்னோடு பேசினார்கள். எல்லாரும் ஒரே வார்த்தைதான் பேசினார்கள்.

"யோவ், தொறய்யா!"

"தெகியப்பா, ஒத்தாயித்து!"

"அரே கேட்வாலா, கோலோ ஜி!"

துரைமார் மட்டும் பேசமாட்டார்கள். குதிரைமேல் இருந்தபடி சாட்டையால் கதவைத் தட்டுவார்கள்.

தமிழ், கன்னடம், துலுக்கு எல்லாவற்றிலும் 'திற' என்பதற்கு என்ன வார்த்தை என்று எனக்குத் தெரியும். 'சௌக்கியமா' என்பதற்குத் தெரியாது. யாரும் கேட்டதில்லை.

இரண்டு வகை வேலைக்காரன்

யுத்தம் வருவதற்கு இரண்டு மூன்று வருடம் முன்னால் இருக்கும். மேலிடத்தில் ஒரு புது ஏற்பாடு வந்தது. ரயில் வேலைக்காரர்களை இரண்டாகப் பிரித்தார்கள். தொடர்ந்து வேலை செய்பவன் ஒரு வகை. விட்டுவிட்டு வேலை செய்பவன் இன்னொரு வகை. முதல் வகை என்றால் ஒரு கேட்டுக்கு இரண்டு ஆள், முறை போட்டுப் பார்த்துக்கொள்ளலாம். இரண்டாம் வகை என்றால் பழைய கதைதான், ஒற்றை ஆள்.

நல்ல ஏற்பாடு என்றுதான் நானும் நினைத்தேன். யார் எந்த வகை என்று எப்படித் தெரியும்? ஒரு குமாஸ்தா வருவார். காலையிலிருந்து பொழுது சாயும்வரை கடிகாரத்தோடு உட்காருவார். நீ எத்தனை நிமிடம் வேலை செய்கிறாய் என்று எழுதிக்கொண்டு போவார். அவ்வளவுதான்.

அப்போது ரெஜினாவுக்கு எட்டு வயது. இன்னும் இரண்டு மாதத்தில் புதுநன்மை. கன்னியாஸ்திரி மதரிடம் ஞானோபதேசப் படிப்பு, அதாவது வேதபாடம், முடித்துவிட்டு, ஸ்லேட்டை மார்போடு அணைத்துக்கொண்டு வந்து கேட்பாள்.

"எல்லார் அப்பாவும் வராங்களாம்பா. மதர் சொன்னாங்க, அப்பா ஒரு பக்கம், அம்மா ஒரு பக்கம் நிக்கணுமாம். நீ வருவியா?"

"வரேன்டா கண்ணு."

"சத்தியமா?"

"ரெண்டாவது ஆள் வந்துடுவான். அவன்கிட்ட கொடிய குடுத்துட்டு மொத ஆளா வந்து நிப்பேன்."

இப்படிச் சத்தியம் செய்தேன். எல்லாம் அந்தக் குமாஸ்தாவின் காகிதத்தில்தான் இருந்தது.

விளக்கெண்ணெய்

இங்கேதான் நான் செய்த முட்டாள்தனம் வருகிறது. மறைக்காமல் சொல்கிறேன்.

மேலிடத்து ஆள் வருகிறார் என்றால் ரயில்காரன் என்ன செய்வான்? எல்லாவற்றையும் பளபளவென்று வைப்பான். அது எங்கள் ரத்தத்தில் ஊறியது. இன்ஸ்பெக்டர் வருகிறார் என்றால் கல்லுக்குக்கூட வெள்ளையடிப்போம்.

குமாஸ்தா வரும் செய்தி கேட்டு மூன்று நாள் பாடுபட்டேன். கதவின் கீல்களைக் கழற்றித் துருவைச் சுரண்டினேன். லாந்தருக்குத் தரும் எண்ணெயைத் தொடக்கூடாது என்பதால், சவேரியம்மா, அதாவது என் சம்சாரம், தலைக்கு வைத்திருந்த விளக்கெண்ணெயை எடுத்து ஊற்றினேன். கதவு ஓடும் தடத்தில் ஒரு கல் விடாமல் பெருக்கினேன். முன்பெல்லாம் தோளைக் கொடுத்து முக்கித் தள்ளவேண்டிய கதவு, கடைசியில் ஒரு விரல் வைத்தால் போய் நின்றது. சங்கிலியைக் கொக்கியில் மாட்டும்போது கூடச் சத்தம் இல்லை.

அன்று காலை சவேரியம்மா தலைவாரி, கல்யாணத்துக்குக் கட்டும் சேலையைக் கட்டிக்கொண்டு வந்தாள். வழக்கமாகவே அந்தப் பக்கத்துக் கதவை அவள்தான் மூடுவாள். இந்தப் பக்கம் நான் சங்கிலி மாட்டுவதற்குள் அந்தப் பக்கம் அவள் மாட்டியிருப்பாள். அன்றைக்கு இரண்டு பேரும் பாண்டு வாத்தியம் வாசிப்பவர்கள் மாதிரி ஒரே தாளத்தில் மூடினோம், ஒரே தாளத்தில் திறந்தோம்.

கட்டைமேல் உட்கார்ந்திருந்த குமாஸ்தா வியந்துபோய்ப் பார்த்தார். "பேஷ்! ஒண்ணரை நிமிஷம்கூட ஆகலியே," என்றார்.

நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றேன். "எப்பவுமே இப்படித்தான் சார்."

எழுதினார்.

"அது யாரு, உன் சம்சாரமா? எப்பவும் அவங்கதான் அந்தக் கதவைப் பாத்துப்பாங்களா?"

"ஆமாங்க," என்று சவேரியம்மாவே சந்தோஷமாகச் சொன்னாள். "கல்யாணம் ஆன நாள்லேந்து நான்தாங்க."

அதையும் எழுதினார்.

தண்டவாளத்தின் உள்பக்கத்தில், சக்கரத்தின் விளிம்பு ஓடுவதற்கு ஒரு பள்ளம் இருக்கும். வண்டி மாடுகள் ரோட்டுக் கல்லையும் சேற்றையும் கொண்டுவந்து அதில் அடைத்துவிடும். ஒரு கல் இறுகிப்போனால் சக்கரம் மேலே ஏறிவிடும். அதனால் நாள் முழுக்கக் கொக்கிக் கம்பியால் நோண்டிக்கொண்டே இருப்போம். நான் குனிந்து நோண்டும்போது கடிகாரத்தைப் பார்ப்பாரோ என்று ஓரக்கண்ணால் பார்த்தேன். அவர் வெற்றிலைக்குச் சுண்ணாம்பு தடவிக்கொண்டிருந்தார்.

"சார், இதுவும் வேலைதான் சார்."

"பெருக்கறதெல்லாம் இதுல வராதுப்பா. கேட்டு மூடறது, தெறக்கறது, கொடி காட்டறது. அதுக்குத்தான் கட்டம் போட்டிருக்கு."

"இப்போ என்ன பண்றே?"

மத்தியானம் வெயில் ஏறியது. வண்டி எதுவும் இல்லாத நேரம். நான் வாசலில் குந்தி மேற்கே பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஏன் மேற்கே என்று சொல்ல வேண்டும். அந்தப் பக்கம் பாதை ஒரு மேட்டை வெட்டிய பள்ளத்துக்குள் வளைந்து வரும். வண்டி வளைவைத் தாண்டி வெளியே வரும்வரை கண்ணுக்குத் தெரியாது. கண்ணில் பட்ட பிறகு இரண்டு கதவையும் மூட ஒற்றை ஆளுக்கு நேரம் போதாது. அந்தக் கேட்டுக்கு மணியும் கிடையாது, டெலிபோனும் கிடையாது. அட்டவணையில் இருக்கும் வண்டிகளுக்குக் கடிகாரம் போதும். அட்டவணையில் இல்லாமல் திடீரென்று வருகிற வண்டிக்கு? ஸ்டேஷனிலிருந்து ஆள் வந்து சொல்லவேண்டும் என்பது சட்டம். பாதி நாள் வரமாட்டான்.

அதற்குத்தான் காக்கைகள். அந்த மேட்டில் தோல் காயப்போடும் கொட்டகை ஒன்று இருந்தது. அதனால் தந்திக் கம்பியில் எப்போதும் இருபது முப்பது காக்கைகள் இருக்கும். நாய் வந்தால் ஒன்றிரண்டாக எழும்பும். பருந்து வந்தால் கத்திக்கொண்டு துரத்தும். பள்ளத்துக்குள் இன்ஜின் நுழைந்தால் மட்டும், அடியிலிருந்து சூடும் புகையும் மேலே வரும். அப்போது ஒரு காக்கைகூடக் கத்தாது. மொத்தமாக எழும்பும், துணியை உதறின மாதிரி. அதற்குப் பிறகு கதவை மூட நேரம் இருக்கும்.

இதை எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. எந்தப் புத்தகத்திலும் இல்லை. பார்த்துப் பார்த்துத் தெரிந்துகொண்டது. ரெஜினாவும் என் பக்கத்தில் உட்கார்ந்து ஸ்லேட்டில் எழுதியபடியே தெரிந்துகொண்டாள்.

குமாஸ்தாவுக்கு இதெல்லாம் தெரியுமா? அவர் பென்சிலைக் கையில் வைத்துக்கொண்டு கேட்டார்.

"இப்போ என்ன பண்றே?"

எனக்குப் பொய் சொல்லத் தெரியாது. அதிலும் மேலிடத்து ஆளிடம்.

"காக்காயப் பாக்கறேன் சார்."

"என்னது?"

"காக்கா சார். அதோ, கம்பிமேல."

அவர் கம்பியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். சிரிப்பை அடக்கிக்கொண்டார் என்றுதான் நினைக்கிறேன். நான் விளக்கிச் சொன்னேன். எழும்புவது, நாய், பருந்து எல்லாம் சொன்னேன். தலையாட்டிக்கொண்டே கேட்டார். பிறகு சொன்னார்:

"சரிப்பா. ஆனா கை சும்மாத்தானே இருக்கு?"

"கை சும்மா இருக்கு சார். கண்ணு சும்மா இல்லியே."

"கண்ணுக்குக் கட்டம் இல்லையேப்பா," என்றார்.

கெட்ட மனிதர் இல்லை. போகும்போது ரெஜினா கையில் ஒரு பெப்பர்மிண்டு கொடுத்தார். "உங்கப்பா கேட்டை ரொம்ப நல்லா வெச்சிருக்கார்," என்றும் சொன்னார். காகிதம் போட்டவன் கண்ணுக்குக் கட்டம் போடவில்லை. இவர் கட்டத்தை நிரப்பிக்கொண்டு போனார். இப்படித்தான் பிள்ளைகளே, கெட்ட மனிதர் ஒருவர்கூட இல்லாமலே அநியாயம் நடந்துவிடும்.

நஞ்சப்பாவின் கேட்

எனக்கு அடுத்த கேட் இரண்டு மைல் தள்ளி. அங்கே நஞ்சப்பா. ஹோஸ்கோட்டைப் பக்கத்துக்காரன். அந்தக் கேட்டில் என் கேட்டில் பாதி வண்டிகூடக் கடக்காது. மூன்று வாரம் கழித்து, சிரித்துக்கொண்டே தண்டவாளம் வழியாக நடந்து வந்தான். ரயில்காரன் வேலை நேரத்தில் கேட்டை விட்டு நடந்து வருகிறான் என்றால் ஒரே அர்த்தம்தான்.

"அந்தோணியண்ணா! நனகே ஜோடி ஆள் வந்துட்டான்! உனக்கு?"

எனக்கும் அன்று காலைதான் தபால் வந்திருந்தது. 'விட்டுவிட்டு வேலை செய்பவர்.' கீழே ஒரு வரி: 'குடும்பத்தினர் உதவி உண்டு. கூடுதல் ஆள் தேவையில்லை.'

நஞ்சப்பா நம்பவில்லை. "உன் கேட்டுக்குக் குடுக்காம எனக்கா? அவரு வந்த அன்னிக்கு நீ ஏனு மாடிதே?"

எல்லாவற்றையும் சொன்னேன். எண்ணெய் போட்டது, பெருக்கினது, சவேரியம்மா அந்தப் பக்கம் நின்றது. அவன் தலையில் அடித்துக்கொண்டான்.

"அய்யோ, எண்ணெய்யா போட்டே? நான் கீலுக்கு எண்ணெய் போட்டு எத்தினி வருஷம் ஆச்சோ! கதவு தள்ள முடியாம அவரையே கூப்ட்டேன், சார், சொல்ப கை குடுங்கன்னு. அவரு கோட்டெல்லாம் துரு. சங்கிலி மாட்டறதுக்குள்ள வேர்த்து ஊத்துது. எழுதினாரு பாரு, கேட்டு மூட எட்டு நிமிஷம்னு! என் பெண்டாட்டிகூட தவர்மனைக்கு, அவ அம்மா வீட்டுக்குப் போயிட்டா."

"வேணும்னே செஞ்சியா?"

"இல்லண்ணா, தேவரானே இல்ல. எப்பவும் அப்படித்தான். அவ எப்பவும் தவர்மனையிலதான் இருக்கா."

சவேரியம்மா குடிசைக்குள்ளிருந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். அவன் போன பிறகு வெளியே வந்தாள்.

"மூணு நாள் என் எண்ணெய்ய ஊத்தி, உங்க தலையிலயே மண்ணள்ளிப் போட்டுக்கினீங்க."

"நீ மட்டும் இன்னா? பட்டுச்சேல கட்டிக்கினு வந்து நின்னியே."

"நான் பதினோரு வருஷமா கேட்டு மூடறேன். ஒரு நாள் ஒருத்தன் பேர் கேட்டிருப்பானா? இப்பதான் மொத மொதல்ல எழுதிக்கினான். எழுதினது இன்னான்னா, நான் இருக்கறதால ஆள் வேணாம்னு எழுதினான்!"

அவள் அழவில்லை. கொக்கிக் கம்பியை எடுத்துத் தூர வீசினாள். அவளுடைய பதினோரு வருடத்து வேலையை எடுத்து அவளுக்கே எதிராக எழுதினார்களே, அதை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் பொறுக்கவில்லை. அன்று ஒரு முடிவு செய்தேன். இனி அவள் அந்தக் கதவைத் தொடக்கூடாது. மறுபடி எவனாவது கடிகாரத்தோடு வந்தால், ஒற்றை ஆள் இரண்டு பக்கமும் ஓடுவதைப் பார்த்து எழுதட்டும். அவளும் தொடவில்லை.

நாள் முழுக்க ஓய்வு

ஆள் இல்லாவிட்டால் ஒரு நாள் லீவாவது கேட்கலாம் என்று லைன் இன்ஸ்பெக்டரிடம் போனேன். அவர் தண்டவாளத்தில் ஓடும் தள்ளுவண்டியில் வந்து கேட்டில் இறங்கியபோது தொப்பியைக் கழற்றிக்கொண்டு நின்றேன்.

"ஐயா, பொண்ணுக்குப் புதுநன்மை. காலையில மூணு மணி நேரம் போதும். ஒரு ஆள் அனுப்பினீங்கன்னா..."

அவர் என் காகிதத்தை முன்பே பார்த்திருக்கிறார் போல. சிரித்தார்.

"நீதான் நாள் பூரா ரெஸ்ட்ல இருக்கியே, உனக்கு எதுக்குய்யா லீவு?"

கூட வந்த தள்ளுவண்டிக்காரர்களும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வெட்கக்கேடு, நானும் சிரித்தேன். அவர்கள் போன பிறகு கதவை எட்டி உதைத்தேன். எண்ணெய் போட்ட கதவு. சத்தமே இல்லாமல் போய்விட்டு, சத்தமே இல்லாமல் திரும்பி வந்தது.

சவேரியம்மாவை நிறுத்திவிட்டு நீ போயிருக்கலாமே என்று கேட்பீர்கள். நான் சபதம் போட்டவன். அது ஒரு காரணம். நான் இல்லாத நேரத்தில் ஏதாவது நடந்தால் வேலையும் போகும், தலைக்கு மேல் இருக்கும் குடிசையும் போகும். அது இரண்டாவது. அம்மா இல்லாமல் எந்தப் பெண்குழந்தை வெள்ளை உடுப்புப் போடும்? அதுதான் பெரிய காரணம்.

ரெஜினாவிடம் சொன்னபோது அவள் சத்தம் போடவில்லை. "சத்தியம் பண்ணியேப்பா," என்று மட்டும் சொன்னாள். ஸ்லேட்டை எடுத்துக்கொண்டு மரத்தடிக்குப் போய், குமாஸ்தா உட்கார்ந்திருந்த அதே கட்டைமேல் உட்கார்ந்துகொண்டாள்.

வெள்ளை வரிசை

அந்த ஞாயிறு காலை, சவேரியம்மாவும் ரெஜினாவும் கிளம்பிப் போனார்கள். பூசை மணி அடித்தது. சாமியார் அப்பத்தை உயர்த்தும் எழுந்தேற்ற மணி அடித்தபோது கேட்டிலேயே முழங்கால் போட்டேன். செங்கல் வண்டிக்காரன் ஒருவன், "இன்னாய்யா, காசு கீழ உழுந்துடுச்சா?" என்று கேட்டுவிட்டுப் போனான்.

பூசை முடிந்து பிள்ளைகள் கன்னியாஸ்திரிகளின் பள்ளிக்கூடத்துக்குப் போவது வழக்கம். அங்கேதான் காலை விருந்து. அந்தக் காலத்தில் முந்தின நடுச்சாமத்திலிருந்து தண்ணீர்கூடக் குடிக்காமல்தான் நன்மை வாங்க வேண்டும். பள்ளிக்கூடம் என் கேட்டுக்கு அந்தப் பக்கம்.

வந்தார்கள். நாற்பது பிள்ளைகள் இருப்பார்கள். இரண்டு இரண்டு பேராக, கையில் அணைந்துபோன மெழுகுவர்த்தியோடு. முன்னால் மதர். பின்னால் பெற்றோர்கள், உறவுக்காரர்கள். கோட்டும் தொப்பியும் போட்ட அப்பாமார்கள். வரிசையில் நடுவில் என் பெண். பூமுடி கொஞ்சம் சாய்ந்திருந்தது. என்னைப் பார்க்கவில்லை. வேண்டுமென்றேதான் பார்க்கவில்லை.

கதவு திறந்திருந்தது. அட்டவணைப்படி இன்னும் ஒரு மணி நேரத்துக்கு வண்டி இல்லை. அது அந்த ரோட்டில் போகும் எல்லாருக்கும் தெரியும்.

அவளைப் பார்க்கவேண்டும் என்று எனக்கு எவ்வளவு ஆசை இருந்திருக்கும்? பதினோரு வருடப் பழக்கம் விடவில்லை. கண் மேற்கே போனது.

காக்கைகள் எழும்பின. மொத்தமாக. ஒன்றுகூடக் கத்தவில்லை.

ஓடினேன். இந்தப் பக்கத்துக் கதவை மதரின் முகத்துக்கு நேராக மூடிச் சங்கிலி மாட்டினேன். தாண்டிக் குதித்து அந்தப் பக்கம் ஓடி அதையும் மூடினேன். சிவப்புக் கொடியை உயர்த்திக்கொண்டு இந்தப் பக்கத் தண்டவாள ஓரத்தில் வந்து நின்றேன்.

"என்ன இது?" என்றார் மதர். "வண்டி நேரம் இல்லையே. பிள்ளைங்க பட்டினியா இருக்காங்க, திறங்க."

"ஒரு நிமிஷம் மதர்."

தொப்பிக்காரர் ஒருவர் கதவுக் கம்பிமேல் தடியால் தட்டினார். "யோவ், திறய்யா! எந்த வண்டிய்யா இப்போ? கண்ணு தெரியலையா? லைன் காலியா கெடக்கு!"

"தன் பொண்ணு நன்மைக்கு வராதவன், ஊர் பிள்ளைங்களையும் நிறுத்தறான் பாரு," என்று ஒரு பெண் குரல். யார் என்று தெரியும். எழுதமாட்டேன்.

லைன் உண்மையிலேயே காலியாகத்தான் கிடந்தது. ஒரு சத்தமும் இல்லை. எனக்கே ஒரு கணம் சந்தேகம் வந்துவிட்டது. கட்டத்தில் இல்லாத ஒன்றை நம்பி இத்தனை பேரை நிறுத்தியிருக்கிறேனே என்று இருந்தது. திரும்பி சவேரியம்மாவைப் பார்த்தேன். அவள் கூட்டத்துக்கு நடுவில் வாயில் முந்தானையை வைத்துக்கொண்டு நின்றாள்.

அப்போதுதான் ரெஜினாவின் குரல் கேட்டது. பள்ளிக்கூடத்தில் பாடம் ஒப்பிக்கும் குரல்.

"மதர், தொறக்கச் சொல்லாதீங்க. காக்கா எழுந்துடுச்சு. வண்டி வருது."

"காக்காவா?"

"எங்கப்பா காக்காயப் பாத்துக்கினு இருப்பாரு. அதான் அவரு வேல."

அவள் சொல்லி வாய் மூடவில்லை. வளைவிலிருந்து ஓர் இன்ஜின் வந்தது. பெட்டி எதுவும் இல்லாத தனி இன்ஜின், நிலக்கரித் தொட்டியை முன்னால் தள்ளிக்கொண்டு பின்புறமாக வந்தது. ஊதவும் இல்லை. தொட்டி மறைத்திருந்ததால் டிரைவருக்கு ரோடு தெரியவே இல்லை. என் கொடியையும் அவர் பார்க்கவில்லை. நாங்கள் நின்ற இடத்தைக் கடந்து, வேகத்தைக்கூடக் குறைக்காமல் போய்விட்டது. அடித்த காற்றில் நாற்பது பிள்ளைகளின் வெள்ளைத் துணியும் ஒரே பக்கமாகப் பறந்தது.

தடியால் தட்டியவர் தொப்பியைக் கழற்றினார்.

நான் கதவைத் திறந்தேன். விரல் வைத்ததும் போய் நின்றது. பிள்ளைகள் இரண்டு இரண்டு பேராகக் கடந்தார்கள். ரெஜினா என் பக்கத்தில் வந்தபோது வரிசையை விட்டு விலகவில்லை, மதர் திட்டுவார்கள். மெழுகுவர்த்தியை மட்டும் இடது கைக்கு மாற்றிக்கொண்டு, வலது கையால் என் கொடிக் கம்பைத் தொட்டுவிட்டுப் போனாள்.

ஸ்டேஷனுக்கு அன்று மாலையே எழுதிப் போட்டேன், சொல்லாமல் இன்ஜின் விட்டதைப் பற்றி. பதில் வரவில்லை. இரண்டாவது ஆளும் வரவில்லை. யுத்தம் வந்து பட்டாள வண்டிகள் ஓட ஆரம்பித்த பிறகுதான், வேறு வழியில்லாமல் அனுப்பினார்கள். அதுவரை அந்தக் காகிதத்தின்படி நான் ஓய்வில் இருந்தேன்.

அம்மா ரெஜினா, நீ சொன்னதை நீ மறந்துவிட்டாய். எட்டு வயதில் சொன்னது, யாருக்குத்தான் நினைவிருக்கும்? எனக்கு இருக்கிறது. நான் கோயிலுக்கு வரவில்லை, உண்மை. உன் புதுநன்மைக்கு வந்த இருபது முப்பது அப்பாமார்களில் லைனைப் பார்த்துக்கொண்டிருந்தவன் நான் ஒருவன்தான். இதையும் பேத்தியிடம் சொல்லு.